ஏட்டில் ஏறாத வரலாறு: போர்க்கால நினைவுகளைப் பாதுகாக்கும் முறை

ஒரு நாட்டின் வரலாறு அரண்மனைகளிலும் அலுவலகங்களிலும் மட்டும் உருவாவதில்லை. பால் மரங்களின் நிரைகளுக்கு இடையிலும், லயத்து வாசல்களிலும், பெரட்டுக் களத்திலும் அது உருவாகின்றது. ஆயினும், ஆட்சி செய்தோரின் செயல்கள் ஏட்டில் ஏறிவிடுகின்றன. உழைத்தோர் பட்ட பாடுகளோ பெரும்பாலும் அவர்களுடைய நாவிலேயே தங்கி, அவர்களோடு மண்ணுக்குள் மறைந்து விடுகின்றன. இக்குறையை நீக்குவதற்கு அறிஞர்கள் வகுத்துள்ள முறைக்கு வாய்மொழி வரலாறு என்று பெயர்.

இரண்டாம் உலகப் போரின்போது நம் தோட்டத்து மக்கள் அடைந்த அனுபவங்களைச் சான்றாகக் கொண்டு, அம்முறையையும் அதற்குத் துணைபுரியும் ஆவணப்படத்தையும் பற்றி இம்மாதப் பாடத்தில் நாம் அறிந்து கொள்வோம். இது படித்துவிட்டு மடித்து வைப்பதற்கான பாடமன்று. ஒவ்வொரு தோட்டத்திலும் செய்து பார்ப்பதற்கான பாடமாகும்.

எழுதப்பட்டோரும் எழுதப்படாதோரும்

1941 டிசம்பர் 8-ஆம் நாள் ஜப்பானியப் படைகள் கோத்தா பாருவில் தரையிறங்கின. 1942 பிப்ரவரி 15-ஆம் நாள் சிங்கப்பூர் வீழ்ந்தது. எழுபதே நாள்களில் மலாயா முழுவதும் ஜப்பானியர் வசமாயிற்று. ரப்பரை வாங்குவாரில்லை, பல தோட்டங்களில் வேலை நின்றது, அரிசி அரிதாயிற்று. மரவள்ளிக் கிழங்கே உணவாகவும், சாக்குத் துணியே உடையாகவும் மக்கள் காலந்தள்ளினர். இந்நிலையில் தோட்டத்துத் தமிழர்களுக்கு முன் இரண்டு பாதைகள் வந்து நின்றன.

ஒன்று சயாம்–பர்மா ரயில் பாதை. சயாமில் பான்போங் வட்டாரத்திலிருந்து பர்மாவில் தன்பியூசாயாட் வரை ஏறத்தாழ 415 கிலோமீட்டர் தூரத்துக்குக் காடும் மலையும் ஊடுருவி ஜப்பானியர் அமைத்த பாதை அது. 1942-இல் வேலை தொடங்கி, 1943 அக்டோபர் 17-ஆம் நாள் இரு முனைகளும் இணைந்தன. தொடக்கத்தில் நாளொன்றுக்கு ஒரு வெள்ளி கூலி, இலவச உணவு, சில மாத வேலை என்றெல்லாம் ஆசை காட்டி ஆள் சேர்த்தனர். ஆள் போதாதபோது லயங்களிலும் தெருக்களிலும் வளைத்துப் பிடித்தனர். இலவசப் படக்காட்சி என்று அறிவித்து, வந்து கூடியவர்களை அப்படியே ரயிலேற்றிய நிகழ்ச்சிகளும் உண்டு. மலாயாவிலிருந்து மட்டும் 70,000-க்கும் மேற்பட்டோர் கொண்டு செல்லப்பட்டனர். அவர்களுள் மிகப் பெரும்பாலோர் தோட்டத்துத் தமிழர்கள்.

மற்றொன்று இந்திய தேசிய இராணுவம். 1943 ஜூலை 2-ஆம் நாள் சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூர் வந்து சேர்ந்தார். ஜூலை 5-ஆம் நாள் பாடாங் திடலில் படையினரின் அணிவகுப்பைப் பார்வையிட்டார். அவருடைய அழைப்பை ஏற்று, அதுவரை துப்பாக்கியைத் தொட்டறியாத பால்வெட்டுத் தொழிலாளர் பலர் படையில் சேர்ந்தனர். அவ்வாண்டு அக்டோபர் 22-ஆம் நாள், கேப்டன் லட்சுமியின் தலைமையில் ஜான்சி ராணிப் படையின் பயிற்சி முகாம் சிங்கப்பூர் வாட்டர்லூ சாலையில் திறக்கப்பட்டது. அதில் தோட்டத்துப் பெண்களும் பலர் இருந்தனர். 1944-இல் இம்பால் போர்முனையிலிருந்து பின்வாங்கிய படையினர் பசியாலும் மலேரியாவாலும் வழியிலேயே மடிந்தனர்.

இவ்விரு வரலாறுகளும் எவ்வாறு எழுதப்பட்டன என்பதே நாம் கவனிக்க வேண்டிய செய்தி. அந்த ரயில் பாதையில் 60,000-க்கும் மேற்பட்ட நேசநாட்டுப் போர்க்கைதிகளும் வேலை செய்தனர். அவர்களுள் 12,000-க்கும் மேற்பட்டோர் இறந்தனர். கைதிகளுள் எழுதத் தெரிந்தவர்கள் நாட்குறிப்பு எழுதி மூங்கில் துளைகளிலும் மண்ணிலும் மறைத்து வைத்தனர். ஓவியந் தெரிந்தவர்கள் தாம் கண்டதை வரைந்து வைத்தனர். இன்று காஞ்சனபுரியில் உள்ள போர்க் கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள் ஒழுங்காகப் பராமரிக்கப்படுகின்றன.

ஆசியத் தொழிலாளர்கள் போர்க்கைதிகளைவிடப் பன்மடங்கு அதிகமாக மாண்டனர். ஆனால் அவர்களுக்குப் பெயர் பொறித்த கல்லறை வரிசை எதுவும் இல்லை. எத்தனை பேர் மாண்டனர் என்பதிலும் கணக்குக்குக் கணக்கு வேறுபாடு உண்டு. போர்க்கைதிகளுக்குப் படைப்பிரிவும் எண்ணும் பெயர்ப் பட்டியலும் இருந்தன. நம்மவர்களுக்கு அவை இல்லை. வழியில் இறந்த பெயர் தெரியாத ஒருவருக்காக ஏதோ ஒரு லயத்தில் ஒரு தாய் காத்திருந்தாள் என்பதைத் தவிர, அவர் வாழ்ந்ததற்கே வேறு சான்றில்லை.

1957-இல் 'குவாய் நதிப் பாலம்' என்னும் ஆங்கிலத் திரைப்படம் வெளிவந்து உலகப் புகழ் பெற்றது. அது இலங்கையில், கித்துல்கலை என்னும் ஊரில் படமாக்கப்பட்ட கற்பனைக் கதை. அந்தப் படத்தில் மலாயாத் தோட்டத்துத் தமிழனுக்கு இடமில்லை. அதைக் கண்ட கோடிக்கணக்கானோர், அந்தப் பாதையை வெள்ளையர் மட்டுமே அமைத்தனர் என்று எண்ணிக்கொண்டனர். நாம் நம் கதையைச் சொல்லாவிடில், பிறர் சொல்லும் கதையே வரலாறாக நிலைத்துவிடும் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

வாய்மொழி வரலாறு என்பது யாது?

நிகழ்ச்சியில் நேரடியாகப் பங்கு கொண்ட ஒருவரை, அதுபற்றி முன்பே படித்தறிந்த மற்றொருவர் முறைப்படி வினவி, அவர் கூறும் விடைகளை அவர் குரலிலேயே பதிவு செய்து, பிற்காலத்தார் பயன்படுத்துமாறு பாதுகாத்து வைத்தலே வாய்மொழி வரலாறு ஆகும். இவ்விளக்கத்தில் நான்கு பகுதிகள் உள்ளன: நேரில் கண்டவர், ஆயத்தம் செய்தவர், குரற்பதிவு, பாதுகாப்பு. இவற்றுள் ஒன்று குறைந்தாலும் அது வெறும் பழங்கதைப் பேச்சாகிவிடும். திண்ணையில் தாத்தா சொன்ன கதையை நாம் கேட்டு மகிழ்ந்தோம் என்றால் அது குடும்ப நினைவு. அதையே பதிவு செய்து, நாளும் பெயரும் குறித்து, காப்பகத்தில் சேர்த்தோம் என்றால் அது ஆவணம்.

1948-இல் அமெரிக்காவின் கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில் இதற்கெனத் தனி அலுவலகம் தொடங்கப்பட்டது. இலண்டனில் உள்ள பேரரசுப் போர் அருங்காட்சியகம் 1972-இல் குரற்பதிவுப் பிரிவு ஒன்றை ஏற்படுத்தி, போர்வீரர்கள் ஆயிரக்கணக்கானோரின் குரலைச் சேகரித்தது. சிங்கப்பூரில் 1979-இல் வாய்மொழி வரலாற்றுப் பிரிவு தொடங்கப்பட்டது. 1981-இல் ஜப்பானியர் ஆட்சிக் காலத்தைப் பற்றிய தனித் திட்டம் மேற்கொள்ளப்பட்டது. அத்தொகுப்பில் தமிழில் பேசியவர்களின் பதிவுகளும் உள்ளன. மலேசியாவில் அர்க்கிப் நெகாரா எனப்படும் தேசிய ஆவணக் காப்பகம் வாய்மொழி வரலாற்றுப் பணியைச் செய்து வருகின்றது.

எனினும் ஒன்றை நாம் மறைக்காமல் சொல்ல வேண்டும். எங்கும் முதலில் பதிவானவை கற்றோர், தலைவர்கள், நகரத்தார் ஆகியோரின் நினைவுகளே. கோலாலம்பூரில் பிறந்து 18 வயதில் ஜான்சி ராணிப் படையில் சேர்ந்து, அதன் முன்னணி அதிகாரிகளுள் ஒருவராக உயர்ந்த ஜானகி ஆதி நாகப்பன், 2014-இல் மறையும் முன் தம் அனுபவங்களைப் பலமுறை எடுத்துரைத்தார். அது நமக்குக் கிடைத்த பெரும்பேறு. ஆனால் அவரோடு அதே முகாமில் பயிற்சி பெற்ற, கைந்நாட்டு வைக்க மட்டுமே தெரிந்த தோட்டத்துப் பெண்களுள் எத்தனை பேரிடம் நாம் சென்று கேட்டோம்? எழுதத் தெரியாதவருக்கே வாய்மொழி வரலாறு மிகுதியாகத் தேவை. அவரிடமே அது கடைசியாகச் செல்கின்றது.

கேட்கும் முறை

முதியவர் ஒருவரிடம், "யுத்த காலம் எப்படி இருந்தது தாத்தா?" என்று கேட்டால், "ரொம்பக் கஷ்டம்பா" என்ற விடைதான் வரும். பொதுவான கேள்விக்குப் பொதுவான பதிலே கிடைக்கும். குறிப்பான கேள்வியே குறிப்பான நினைவை எழுப்பும். ஆகவே கேட்பவர் பின்வரும் ஒழுங்கைக் கடைப்பிடித்தல் நலம்.

முதலாவது, ஆயத்தம். போரின் முக்கிய நாள்களையும் இடங்களையும் தெரிந்து கொண்டு செல்ல வேண்டும். தன்பியூசாயாட் என்ற பெயரை முதியவர் "தம்பிசாயா" என்று சொன்னாலும் எந்த ஊர் என்று புரிந்து கொள்ளும் அறிவு கேட்பவருக்கு வேண்டும்.

இரண்டாவது, வாழ்க்கையின் தொடக்கத்திலிருந்து தொடங்குதல். பிறந்த ஊர், பெற்றோர், எந்தத் தோட்டம், எந்த லயம், எத்தனை வயதில் வேலைக்குப் போனார், கங்காணி யார், கிராணி யார் என்று கேட்டு வந்தால், பேசுபவர் தயக்கம் நீங்கிப் போர்க்காலத்துக்குத் தாமே வந்து சேருவார்.

மூன்றாவது, கண்ணும் காதும் கையும் அறிந்தவற்றைக் கேட்டல். "ரயில் பெட்டியில் எத்தனை பேர் இருந்தீர்கள்? உட்கார இடம் இருந்ததா? தண்ணீர் எங்கே குடித்தீர்கள்? முகாமில் யார் சமைத்தார்? காலையில் என்ன கொடுத்தார்கள்? கையில் என்ன கருவி கொடுத்தார்கள்? யாருக்காவது காய்ச்சல் வந்தால் என்ன செய்தார்கள்? இறந்தவரை எங்கே அடக்கம் செய்தீர்கள்?" இத்தகைய கேள்விகளுக்கு வரும் விடைகளே எந்தக் கோப்பிலும் காணக் கிடைக்காதவை.

நான்காவது, காலத்தைக் குறிக்கத் திருவிழாக்களைத் துணைக் கொள்ளுதல். நம் முதியவர்கள் ஆங்கில மாதத்தை நினைவில் வைப்பதில்லை. தைப்பூசத்துக்கு முன்பா பின்பா, மாரியம்மன் திருவிழா நடந்ததா, தீபாவளி முகாமிலா வீட்டிலா என்று கேட்டால் காலம் தெளிவாகும். முதற் குழந்தை பிறந்தது, மழை பிடித்தது, வாழைமரம் அச்சிட்ட ஜப்பானிய நோட்டு செல்லாமற் போனது ஆகியவையும் நல்ல அடையாளங்களே.

ஐந்தாவது, குறுக்கிடாமை. முதியவர் பேச்சை நிறுத்தினால் உடனே அடுத்த கேள்வியைத் தொடுக்கலாகாது. அந்த மௌனத்துக்குப் பின்னரே சொல்ல வேண்டிய முக்கியச் செய்தி பலமுறை வெளிவரும். பேசுபவர் தம் பேச்சு வழக்கிலேயே பேசட்டும். "பெரட்டு" என்பதை நாம் "அணிவகுப்பு" என்று திருத்த வேண்டியதில்லை. அந்தச் சொல்லும் வரலாற்றின் ஒரு பகுதியே ஆகும்.

ஆறாவது, ஒரு தடவைக்கு ஒரு மணி நேரம் போதும். களைப்பு தெரிந்தால் நிறுத்திவிட்டு மறுநாள் தொடரலாம். முதல் நாள் பேசியது இரவெல்லாம் மனத்தில் ஓடி, மறந்திருந்த பெயர்களை மறுநாள் கொண்டு வந்து சேர்க்கும்.

நினைவு தவறும்போது

"கிழவர்களின் நினைவை நம்பி வரலாறு எழுதலாமா?" என்று சிலர் கேட்பர். இது நியாயமான கேள்வியே. நினைவு தவறும், ஆண்டுகள் மாறும், கேட்டது கண்டதாகத் தோன்றும். பின்னாளில் பார்த்த திரைப்படமும் படித்த செய்தியும் சொந்த அனுபவத்தோடு கலந்துவிடும். நேதாஜியின் கூட்டத்தைத் தாம் நேரில் கண்டதாக ஒருவர் கூறலாம். அவர் உண்மையில் கண்டது பிறிதொரு தலைவரின் கூட்டமாகவும் இருக்கலாம். அதனால் அவரைப் பொய்யர் என்று தள்ளுதல் அறிவுடைமையாகாது. சொன்னது முழுவதும் வேதவாக்கு என்று ஏற்றலும் அறிவுடைமையாகாது.

இதற்கு வழி ஒத்துப் பார்த்தல். ஒருவர் கூற்றை மற்றொருவர் கூற்றோடும், வாய்மொழியை எழுத்து ஆவணத்தோடும் வைத்துப் பார்க்க வேண்டும். சான்றாக, "மழை கொட்டிய மாதத்தில் முகாமில் வாந்திபேதி வந்தது, காலையில் நன்றாயிருந்தவர் மாலையில் பிணம்" என்று ஒரு முதியவர் கூறுவதாகக் கொள்வோம். 1943-ஆம் ஆண்டின் நடுப்பகுதியில், பருவமழை தொடங்கிய வேளையில், ரயில் பாதை முகாம்களில் காலரா பரவியதைப் போர்க்கைதிகளின் நாட்குறிப்புகளும் குறிக்கின்றன. ஆகவே, அம்முதியவர் ஆண்டு சொல்லத் தெரியாதவராயினும், அவர் அப்போது எந்த மாதத்தில் அங்கிருந்தார் என்பதை நாம் கணித்துவிடலாம். ஏடு காலத்தைத் தருகின்றது. வாய்மொழி அக்காலத்தில் வாழ்ந்த மனிதனைத் தருகின்றது. இரண்டும் சேர்ந்தால்தான் வரலாறு முழுமை பெறும்.

மேலும், பதிவு செய்பவர் "கண்டது", "கேட்டது" என்னும் இரண்டையும் பிரித்துக் குறித்துக்கொள்ள வேண்டும். "இதை நீங்களே பார்த்தீர்களா, யாராவது சொன்னார்களா?" என்ற ஒரு கேள்வியைப் பணிவோடு கேட்டால் போதும். இப்பழக்கம் இன்று முன்னினும் இன்றியமையாதது. அதற்குரிய காரணத்தைப் பின்னர்க் காண்போம்.

துயரத்தைக் கேட்பவரின் பொறுப்பு

போரைப் பற்றிக் கேட்பது திருவிழாவைப் பற்றிக் கேட்பது போன்றதன்று. தம்பியைத் தம் கையாலேயே புதைத்தவரிடமும், கணவன் திரும்பி வராமற்போனவரிடமும் நாம் பேசுகின்றோம் என்ற உணர்வு வேண்டும். அழுதால் அழவிட வேண்டும். சொல்ல விரும்பாததைச் சொல்லும்படி வற்புறுத்தலாகாது. பெண்களிடம் பெண்களே சென்று கேட்பது பல வேளைகளில் பொருத்தமாகும். பேரக்குழந்தைகள் சூழ்ந்திருக்கும்போது சொல்லக் கூசும் செய்திகள் உண்டு என்பதையும் மறத்தலாகாது.

மற்றுமொரு சிக்கலும் உண்டு. ரயில் பாதைக்கு ஆள் பிடித்ததில் ஜப்பானியர் மட்டுமே சம்பந்தப்பட்டிருந்தனர் என்று கூற இயலாது. தோட்டத்து ஆள் கணக்கு கையில் இருந்தவர்கள், அச்சத்தாலோ ஆதாயத்தாலோ, பெயர்ப் பட்டியல் கொடுத்ததும் உண்டு. பேசுபவர் அத்தகைய ஒருவரைப் பெயர் சொல்லிக் குற்றம் சாட்டக்கூடும். குற்றஞ் சாட்டப்பட்டவர் விடை கூற உயிரோடில்லை. ஆனால் அவருடைய பேரப்பிள்ளைகள் அடுத்த லயத்தில் இருக்கலாம். அச்சொற்களை அழித்தால் உண்மை அழியும்; ஒலிபெருக்கியில் போட்டால் ஊர் பிளவுபடும். காப்பகங்கள் இதற்கு ஒரு வழி வைத்துள்ளன. பதிவு முழுவதையும் அப்படியே பாதுகாத்து, குறிப்பிட்ட பகுதியைக் குறிப்பிட்ட காலம் வரை பிறர் கேட்க இயலாதவாறு மூடி வைப்பதே அவ்வழி. பேசுபவரின் சம்மதத்தையும் அவர் விதிக்கும் நிபந்தனைகளையும் எழுத்திலோ, பதிவின் தொடக்கத்தில் குரலிலோ பெற்றுக்கொள்ள வேண்டும். சம்மதமின்றி எடுத்த பதிவு எவ்வளவு அரியதாயினும் அது முறையாகாது.

ஆவணப்படத்தின் பயன்

காப்பகத்தில் உள்ள குரலை ஆய்வாளர் சிலரே தேடிச் சென்று கேட்பர். அதனை மக்களிடம் கொண்டு செல்லும் கருவி ஆவணப்படம். நம் நாட்டில் ஆவணப்படத்துக்கு நீண்ட வரலாறு உண்டு. 1946-இல் மலாயாப் படப்பிரிவு தொடங்கப்பட்டது. தகவல் இலாகாவின் வண்டி வந்து, திடலில் வெள்ளைத் திரை கட்டிப் படம் காட்டிய இரவுகளை நம்முள் மூத்தவர்கள் பலர் நினைவில் வைத்திருப்பர்.

போர்க்கால நினைவுகளை ஆவணப்படமாக்குவதில் உலகுக்கு வழிகாட்டியது 1973–74-இல் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் 26 பகுதிகளாக வெளிவந்த 'உலகம் போரில்' என்னும் தொடராகும். தளபதிகளோடு நில்லாது, சாதாரணப் போர்வீரர்களையும் வீட்டிலிருந்த பெண்களையும் அது பேச வைத்தது. நம் வரலாற்றைப் பொறுத்தவரை, 2010-களில் தமிழ்நாட்டைச் சேர்ந்த இளைஞர் குழு ஒன்று மலேசியாவுக்கு வந்து, சயாம் சென்று மீண்டவர்களைத் தேடிப் பேசவைத்து, தமிழில் ஆவணப்படம் ஒன்றை உருவாக்கியது. எழுத்துத் துறையில் ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' ஆகிய நாவல்கள் இத்துயரை இலக்கியமாக்கின. நாவல் கற்பனை கலந்தது. ஆவணப்படத்தில் கற்பனைக்கு இடமில்லை. இவ்வேறுபாட்டை நாம் மனத்தில் இருத்த வேண்டும்.

படமெடுக்க விரும்பும் இளைஞர்கள் மூன்று செய்திகளை அறிந்திருத்தல் வேண்டும். முதலாவது, பேசுபவரின் முகத்தையும் கைகளையும் நிதானமாகக் காட்டினால் போதும். சோக இசையை அள்ளித் தெளிக்க வேண்டியதில்லை. உண்மைத் துயரத்துக்கு ஒப்பனை வேண்டாம். இரண்டாவது, கதைப்படத்தின் காட்சிகளை உண்மை நிகழ்ச்சிபோல் நடுவே ஒட்டலாகாது. போர்க்காலத்தில் எடுக்கப்பட்ட பழைய படச்சுருள்களிலும் பெரும்பாலானவை ஏதேனும் ஒரு தரப்பின் பிரசாரத்துக்காக எடுக்கப்பட்டவை. அவற்றைக் காட்டும்போது யார் எடுத்தது, எதற்காக எடுத்தது என்று கூறிவிட வேண்டும். மூன்றாவது, இரண்டு மணி நேரம் பேசியவரின் பேச்சில் படத்துக்குள் இடம் பெறுவது இரண்டு மூன்று நிமிடங்களே. எஞ்சியதை வெட்டியெறிந்துவிடலாகாது. இன்று நமக்குத் தேவையற்றதாகத் தோன்றும் பகுதியே நாளை ஓர் ஆய்வாளருக்குப் பொற்குவியலாகும். படம் ஒரு கனி. முழுப் பதிவே மரம்.

இன்று எஞ்சியிருப்பது யாது?

இப்போது கசப்பான உண்மை ஒன்றுக்கு நாம் வருகின்றோம். 1943-இல் 15 வயதாயிருந்த ஒருவர், இன்று உயிரோடிருப்பின் 95 வயதைக் கடந்திருப்பார். சயாம் சென்று மீண்டவர்களுள்ளும், இந்திய தேசிய இராணுவத்தில் பணியாற்றியவர்களுள்ளும் இன்று எஞ்சியிருப்போரை விரல்விட்டு எண்ணிவிடலாம். பழைய தோட்டங்கள் பல வீடமைப்புப் பகுதிகளாகவும் செம்பனைக் காடுகளாகவும் மாறிவிட்டன. லயங்கள் இடிக்கப்பட்டபோது, டிரங்குப் பெட்டிகளில் இருந்த பழைய கடிதங்களும் புகைப்படங்களும் குப்பையோடு குப்பையாயின.

அப்படியாயின் இப்பாடம் காலங்கடந்ததா? இல்லை. செய்யத்தக்க பணிகள் இன்னும் மூன்று உள்ளன.

முதற்பணி, ஏற்கெனவே பதிவானவற்றைக் காப்பது. 1970-களிலும் 1980-களிலும் பல குடும்பங்களில் ஒலிநாடாப் பெட்டி இருந்தது. பாட்டியின் பாட்டையும் தாத்தாவின் பேச்சையும் விளையாட்டாகப் பதிவு செய்தவர்கள் உண்டு. அந்நாடாக்கள் இன்று அலமாரி மூலையில் பூஞ்சணம் பிடித்துக் கிடக்கலாம். நம் நாட்டின் ஈரக்காற்று ஒலிநாடாவுக்குப் பகை. அத்தகைய நாடா கிடைத்தால் உடனே போட்டுப் பார்க்க அவசரப்படலாகாது; பூஞ்சணம் பிடித்த நாடா கருவியில் சிக்கி அறுந்துவிடும். முதலில் நாடாப் பெட்டியின் மேல்விளிம்பில் உள்ள சிறு பிளாஸ்டிக் துண்டுகளை உடைத்துவிட வேண்டும். அப்போது தவறுதலாக அதன்மேல் வேறு பதிவு ஏறாது. பின், விவரம் அறிந்தவரைக் கொண்டு கணினிக்கு மாற்றி, இரண்டு பிரதிகளை இரண்டு வெவ்வேறு இடங்களில் வைக்க வேண்டும். நாடாவின் மீது எழுதியுள்ள பெயரையும் நாளையும் அப்படியே குறித்துக்கொள்ள வேண்டும்.

இரண்டாம் பணி, கேட்டவர்களிடம் கேட்பது. சயாம் சென்றவரின் மகனுக்கு இன்று 70 வயதிருக்கலாம். தந்தை என்ன சொன்னார், எதைச் சொல்ல மறுத்தார், மழைக்காலத்தில் எதற்கு அஞ்சினார், எந்த உணவைத் தொட மறுத்தார் என்பவற்றை அவர் அறிவார். இது நேரில் கண்ட சாட்சியமன்று. ஆகவேதான் "கண்டது", "கேட்டது" என்னும் பிரிவினையை முன்னர் வற்புறுத்தினோம். கேட்டதைக் கேட்டதென்றே குறித்து வைத்தால், அதுவும் மதிப்புள்ள ஆவணமே. திரும்பி வராதவர்களின் பெயர்களையாவது அதன்வழி நாம் மீட்கலாம். ஒரு பெயர், அவர் புறப்பட்ட தோட்டம், அவர் விட்டுச் சென்ற குடும்பம் ஆகிய மூன்றும் தெரிந்தால், எண்ணிக்கையாக மட்டும் இருந்த ஒருவர் மீண்டும் மனிதராகின்றார்.

மூன்றாம் பணி, இன்று உயிரோடிருக்கும் சாட்சிகளை விட்டுவிடாதிருப்பது. 1948 முதல் 1960 வரை நீடித்த அவசரகாலத்தில் முள்வேலிக்குள் வாழ்ந்த தோட்டத்துச் சிறுவர்கள் இன்று 80 வயதைத் தாண்டியவர்கள். 1963 முதல் 1966 வரை இந்தோனேசியாவுடன் ஏற்பட்ட மோதற் காலத்தில் சேவை புரிந்த வீரர்களும் அத்தகையோரே. 1989 டிசம்பர் 2-ஆம் நாள் ஹட்யாயில் சமாதான உடன்பாடு கையெழுத்தாகும் வரை எல்லைக் காடுகளில் பணிபுரிந்த படையினர், காவற்படையினர் ஆகியோருள் நம் தோட்டத்துப் பிள்ளைகளும் இருந்தனர். ஜப்பானியர் காலத்தவரிடம் உரிய வேளையில் சென்று கேளாதது நம் சமுதாயத்துக்கு ஏற்பட்ட இழப்பு. அவ்விழப்பை இத்தலைமுறையினர் விஷயத்திலும் நேரவிடலாகாது.

தோட்டத்தில் தொடங்கும் வழி

இப்பணிக்குப் பெரும்பொருள் வேண்டியதில்லை. இன்று ஏறக்குறைய எல்லார் கையிலும் உள்ள கைத்தொலைபேசியே குரற்பதிவுக் கருவியாகும். இளைஞர் மன்றமோ, ஆலயக் குழுவோ, தொழிற்சங்கக் கிளையோ நான்கைந்து பேரைக் கொண்ட குழு ஒன்றை அமைக்கலாம். முதலில் தோட்டத்திலும் சுற்றுவட்டாரத்திலும் உள்ள 75 வயதுக்கு மேற்பட்டோரின் பட்டியலைத் தயாரிக்க வேண்டும். மிகவும் தளர்ந்தவரிடம் முதலில் செல்ல வேண்டும்.

பதிவு செய்யும் இடம் அமைதியாக இருத்தல் வேண்டும். காற்றாடியையும் தொலைக்காட்சியையும் நிறுத்திவிட வேண்டும். தொலைபேசிக்கு அழைப்பு வராதவாறு செய்து, பேசுபவருக்கு ஒரு முழத் தொலைவில் துணியின்மேல் வைக்கலாம். பதிவின் தொடக்கத்தில் நாள், இடம், பேசுபவர் பெயர், கேட்பவர் பெயர் ஆகியவற்றை உரக்கச் சொல்ல வேண்டும். பழைய புகைப்படமோ, அடையாள அட்டையோ, ஜப்பானிய நோட்டோ இருந்தால் அதைக் கையில் கொடுத்துப் பேசவைக்கலாம். பொருள் நினைவைத் தூண்டும். முடிந்த அன்றே பிரதி எடுக்க வேண்டும். தொலைபேசி தொலைந்தால் வரலாறும் தொலையும்.

பின்னர், தோட்டத் தமிழ்ப்பள்ளி ஆசிரியரின் துணையோடு அப்பேச்சை எழுத்தில் பெயர்த்து, பேசியவருக்கு வாசித்துக் காட்டிப் பிழை நீக்கி, ஒரு பிரதியை அவர் குடும்பத்துக்குக் கொடுக்க வேண்டும். ஒரு பிரதியைத் தேசிய ஆவணக் காப்பகத்தில் சேர்க்க முயல வேண்டும். தோட்டத்திலேயே தங்கிவிடும் பதிவு தோட்டத்தோடு அழியக்கூடும்.

படைத்தலைவர்கள் தம் நினைவுகளைத் தாமே எழுதிக்கொண்டனர். மண் சுமந்தவனுக்கும், காட்டு வழியில் துப்பாக்கி சுமந்தவனுக்கும் எழுதுகோல் பிடிக்க நேரமுமில்லை, வாய்ப்புமில்லை. அவர்களுக்காக எழுதுகோல் பிடிக்க வேண்டியவர்கள், அவர்களுடைய உழைப்பால் பள்ளிக்கூடம் கண்ட நாமே ஆவோம்.

சிந்தனைக்குரிய வினாக்கள்

1. போர்க்கைதிகளின் வரலாறு விரிவாக எழுதப்பட்டதற்கும், ஆசியத் தொழிலாளர்களின் வரலாறு எழுதப்படாமற் போனதற்கும் காரணங்கள் யாவை?

2. "கண்டது", "கேட்டது" என்று பிரித்துக் குறிப்பதன் பயன் என்ன?

3. ஒரு முதியவர் நிகழ்ச்சியின் ஆண்டைத் தவறாகக் கூறினால், சரியான காலத்தை எவ்வாறு கண்டறிவீர்கள்?

4. பிறர்மீது குற்றஞ் சாட்டும் பகுதி ஒரு பதிவில் இருந்தால், அதனை எவ்வாறு கையாள வேண்டும்?

5. உங்கள் குடும்பத்திலோ தோட்டத்திலோ சயாமுக்குச் சென்று திரும்பாதவர் எவரேனும் உண்டா? அவர் பெயரைக் கேட்டறிந்து எழுதி வையுங்கள். இவ்வினாவுக்கான விடையை இம்மாதத்துக்குள் கேட்டறிவது நலம்.